ரோகிணி என்னும் முதிய விண்மீன்

கார்த்திகை மாதத்து மாலை வேளையில் திருப்பதிக்குச் செல்வோர் அனைவரும் வடக்கே நிமிர்ந்து நிற்கும் திருமலையையே நோக்குவர். மலையை நோக்கியவாறே நின்று, சற்று வலப்புறம் திரும்பிக் கிழக்கு வானைக் காண்போர் சிலரே. அங்ஙனம் காண்போருக்கு, இருள் பரவத் தொடங்கியதும் இரண்டு காட்சிகள் புலப்படும். மேலே கைப்பிடியளவாய்ச் செறிந்து கிடக்கும் சிறு மீன்களின் கொத்து ஒன்று, அதுவே கார்த்திகை. அதற்குக் கீழே, அக்கொத்தினைத் தொடர்ந்து எழுந்து வரும் ஒற்றை விண்மீன் ஒன்று. பிற மீன்கள் வெண்மையாய் ஒளிர, இது மட்டும் தணலைப் போலச் சிவந்து தோன்றும். அதுவே ரோகிணி. அரபு மக்கள் இதற்கு இட்டு வழங்கிய 'அல்தெபரான்' என்னும் பெயருக்குப் 'பின்தொடர்வது' என்பதே பொருள். கார்த்திகையின் பின்னே வருவதால் அப்பெயர் பெற்றது.

நள்ளிரவில் இவ்விண்மீன் நம் தலைக்கு ஏறக்குறைய நேர் மேலே வந்து நிற்கும். திருப்பதிக்கும் சித்தூருக்கும் உச்சி வானிலிருந்து மூன்று பாகையளவே வடக்கே தள்ளி இது கடந்து செல்கிறது. ஆகவே, ஆண்டில் சில மாதங்கள் இரவுதோறும் நம் வீட்டுக் கூரையின் மேலாகவே நடந்து செல்லும் மீன் இது எனலாம்.

தமிழ் மக்களுக்கு ரோகிணி புதியதன்று. அதனை அடுத்துள்ள சில மீன்களோடு சேர்த்துப் பார்த்தால் வண்டியின் வடிவம் தோன்றுவதால், நம் முன்னோர் அதனைச் 'சகடம்' என்று அழைத்தனர். திங்கள் சகடத்தைச் சேரும் நாள் திருமணத்திற்கு உகந்த நாள் என்பது அகநானூற்றுக் காலத்துக் கொள்கை. சிலப்பதிகாரத்தில் கோவலனும் கண்ணகியும் மணந்தது அத்தகைய நாளில்தான். தக்கனுடைய இருபத்தேழு பெண்களுள் ரோகிணியிடத்தில் மட்டும் திங்கள் பேரன்பு காட்டினான் என்றும், அதனால் தேய்ந்து போகுமாறு சபிக்கப்பட்டான் என்றும் புராணம் கூறும். கண்ணன் பிறந்த நாளும் ரோகிணி. திருவேங்கடத்தைப் பாடிய திருப்பாணாழ்வார் அவதரித்ததும் கார்த்திகை மாதத்து ரோகிணி.

இத்துணைப் பெருமை வாய்ந்த விண்மீன், மற்றொரு புறத்தில் அச்சத்திற்கும் உரியதாயிற்று. ரோகிணியில் பிறந்த குழந்தை தாய்மாமனுக்கு ஆகாது என்னும் நம்பிக்கை தமிழ்நாட்டிலும் ஆந்திர நாட்டிலும் பரவலாக உண்டு. ரோகிணியில் பிறந்த கண்ணன் தன் மாமனாகிய கம்சனைக் கொன்றான் அல்லவா? அந்த ஒரு மாமனுக்கு நேர்ந்தது எல்லா மாமன்மாருக்கும் நேரும் என்று எப்படியோ கொண்டுவிட்டனர்.

இதனைக் கேள்வியால் மட்டும் நாம் அறிந்திருந்தால் இன்று இங்கே பேச வந்திருக்கமாட்டோம். 2009ஆம் ஆண்டின் இறுதியில், சித்தூரில் நம் பெற்றோர் இல்லத்தில், நம் தமக்கையாருக்கு ஆண் மகவு பிறந்தது. நட்சத்திரம் ரோகிணி. அப்போது வெளியூரில் அலுவல் பார்த்துவந்த நாம், செய்தி கேட்ட மகிழ்ச்சியில் காட்பாடி வரை இரயிலிலும் பின்னர்ப் பேருந்திலுமாக ஊர் வந்து சேர்ந்தோம். ஆனால், வாயிற்படியிலேயே பாட்டியார் நம்மை நிறுத்திவிட்டார். "நீ தாய்மாமன், குழந்தையை நேரே பார்க்கலாகாது. பதினோராம் நாள் எண்ணெயில் முகம் பார்த்த பிறகுதான் பார்க்க வேண்டும்" என்றார். நாம் கலைப் பட்டம் பெற்றவர். முப்பது வயதை எட்டிக்கொண்டிருந்தவர். ஆயினும் மறுத்துப் பேசவில்லை. பத்து நாள்கள் திண்ணையிலேயே உண்டு, திண்ணையிலேயே உறங்கினோம். உள்ளறையிலிருந்து, "தம்பி வந்திருக்கிறானா?" என்று தமக்கையார் கேட்ட குரல் ஒருமுறை நம் செவியில் விழுந்தது. நாம் எழுந்து செல்லவில்லை. சற்று நேரத்தில் அந்த அறையின் கதவு மெல்லச் சாத்தப்பட்ட ஓசை கேட்டது. பதினோராம் நாள், வெண்கலக் கிண்ணத்தில் வார்த்த நல்லெண்ணெயில் தலைகீழாகத் தெரிந்த சின்னஞ்சிறு முகத்தைப் பார்த்த பின்னரே குழந்தையை ஏந்தினோம்.

ஆண்டுகள் சென்றன. குழந்தை வளர்ந்து உயர்நிலைப் பள்ளி மாணவனானான். ஒரு கார்த்திகை இரவில், அதே வீட்டின் மொட்டை மாடியில் அவனும் நாமும் அமர்ந்திருந்தபோது, யாரோ அவனுக்கு இக்கதையைச் சொல்லியிருக்க வேண்டும், அவன் கேட்டான்: "மாமா, என்னைப் பார்க்காமல் பத்து நாள் இருந்தீர்களாமே, எந்த நட்சத்திரத்திற்குப் பயந்தீர்கள்? காட்டுங்களேன்."

நம்மால் காட்ட இயலவில்லை. ரோகிணி எது என்றே நமக்குத் தெரியவில்லை. எந்தப் பொருளுக்கு அஞ்சிப் பச்சிளங்குழந்தையையும் பெற்ற தாயையும் வருத்தினோமோ, அந்தப் பொருளை நாம் ஒரு நாளும் ஏறிட்டுப் பார்த்ததில்லை. அவ்வெட்கத்தினால் தேடிக் கற்றவற்றையே இன்று தங்கள் முன் வைக்க விழைகிறோம்.

முதலாவதாக, திங்களும் ரோகிணியும் ஒன்றையொன்று சேர்கின்றன என்பதன் பொருள் யாது? திங்கள் நம்மிடமிருந்து சுமார் 3,84,000 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. அதன் ஒளி ஒன்றேகால் விநாடியில் நம்மை வந்தடைகிறது. ரோகிணியின் ஒளியோ நம்மை வந்தடைய ஏறத்தாழ 65 ஆண்டுகள் எடுத்துக்கொள்கிறது. மாடியில் நின்று பார்ப்பவனுக்கு, எதிர்வீட்டு விளக்கும் தொலைவிலுள்ள மலையுச்சி விளக்கும் ஒரே நேர்கோட்டில் தெரிவது போன்றதே இச்சேர்க்கை. சகடத்தின் மற்ற மீன்களும் ரோகிணிக்கு உறவல்ல. அவை அதைவிட இரு மடங்குக்கும் மேற்பட்ட தொலைவில் தனிக் கூட்டமாய் இருக்கின்றன. திங்களோ இருபத்தேழு நாள்களுக்கு ஒருமுறை தவறாது ரோகிணியைக் கடக்கிறது. அந்த ஒரு நாளில் இந்நாட்டில் மட்டும் பிறக்கும் குழந்தைகள் பல்லாயிரவர். அத்தனை பேருடைய மாமன்மாருக்கும் ஊறு நேர்வதாயிருந்தால், நம் நாட்டில் மாமன் என்னும் உறவே எஞ்சியிராது.

ரோகிணியின் மேல் நாம் சுமத்தும் பழி இது ஒன்று மட்டுமன்று. சித்தூர்ப் பகுதித் தெலுங்கு மக்கள், ரோகிணிக் கார்த்தியில் உரலும் வெடிக்கும் என்று கூறுவர். வைகாசியில் கதிரவன் ரோகிணியின் திசையில் நிற்கும் நாள்கள் அவை. வெயில் கொளுத்துவது உண்மையே. ஆனால் அது முழுவதும் கதிரவனின் செயல். ரோகிணியோ அந்நாள்களில் கதிரவனின் ஒளியில் மறைந்து கண்ணுக்கே தெரியாமல் இருக்கிறது.

திங்கள் ரோகிணியின் அருகே செல்வதோடு நில்லாமல், சில காலங்களில் அதனை முற்றும் மறைத்தும் விடுகிறது. 2015 முதல் 2018 வரை மாதந்தோறும் உலகின் ஏதேனும் ஒரு பகுதியில் இவ்வாறு நிகழ்ந்தது. அடுத்த தொடர் 2033ஆம் ஆண்டில் தொடங்கும். இம்மறைப்பு அறிவியலாருக்குப் பெரிதும் துணை புரிந்துள்ளது. கி.பி. 509ஆம் ஆண்டில் ஏதென்சு நகரத்தில் இத்தகைய மறைப்பு ஒன்றைக் கண்டவர் குறித்து வைத்தனர். ஆயிரத்து இருநூறு ஆண்டுகளுக்குப் பின், 1718இல், எட்மண்டு ஹாலி என்னும் ஆங்கில வானியலறிஞர் பழைய குறிப்புகளோடு தம் காலத்து நிலையை ஒப்பிட்டு, ரோகிணியும் வேறு சில ஒளிமிக்க மீன்களும் இடம் பெயர்ந்திருப்பதைக் கண்டார். விண்மீன்கள் அசையாதவை என்று உலகம் நம்பியிருந்த கொள்கை அவ்வாறு தகர்ந்தது.

மேலும், திங்களின் விளிம்பில் மறையும்போது பெரும்பாலான மீன்கள் விளக்கை அணைத்தாற்போல் சட்டென்று மறைகின்றன. ரோகிணி அவ்வாறன்றி, விநாடியில் இருபத்தைந்தில் ஒரு பங்களவு நேரம் எடுத்துக்கொண்டு மங்கி மறைகிறது. அந்த நேரத்தை நுட்பமாக அளந்தால் அதன் தோற்ற அளவைக் கணக்கிடலாம். இருநூறு கிலோமீட்டருக்கும் அப்பால் வைத்த ஒரு ரூபாய் நாணயம் எவ்வளவு பெரிதாகத் தெரியுமோ, ரோகிணி நமக்கு அவ்வளவு பெரிதாகத் தெரிகிறது. இது மிகச் சிறியதே எனினும், 65 ஆண்டு ஒளி செல்லும் தொலைவிலிருந்து இவ்வளவு தெரிய வேண்டுமானால் அம்மீன் எத்துணைப் பெரியதாயிருத்தல் வேண்டும்!

கணக்கு இதுதான்: ரோகிணியின் குறுக்களவு நம் கதிரவனுடையதைப் போல் ஏறத்தாழ 45 மடங்கு. கதிரவன் இருக்குமிடத்தில் ரோகிணியை வைத்தால், அதன் மேற்பரப்பு புதன் கோளின் பாதையில் பாதித் தொலைவுக்கும் மேல் எட்டிவிடும். இன்று கதிரவனை நாம் நீட்டிய கையின் சிறுவிரலால் மறைத்துவிடலாம். ரோகிணி அங்கிருந்தால், கையை நீட்டி விரலை முற்றும் விரித்துப் பிடித்த ஒரு சாணும் அதனை மறைக்கப் போதாது. அதன் ஒளி, கதிரவன் ஒளியைப் போல் 400 மடங்குக்கும் மேல்.

இத்துணைப் பெரிய மீன் ஏன் சிவந்திருக்கிறது? கொல்லன் உலையில் இரும்பைக் காய்ச்சுவதைக் கண்டோர் இதனை எளிதில் உணர்வர். இரும்பு முதலில் சிவக்கிறது, சூடு ஏற ஏற மஞ்சளாகிறது, பின்னர் வெண்மையாகிறது. கதிரவனின் மேற்பரப்பு சுமார் 5,500 பாகை செல்சியஸ் வெம்மையுடையது; ரோகிணியின் மேற்பரப்போ சுமார் 3,600 பாகையே. ஒவ்வொரு சாண் பரப்பையும் தனித்தனியே எடுத்தால் ரோகிணி மங்கலான மீன்தான். பரப்பு அளவிறந்து விரிந்திருப்பதால் மொத்த ஒளி பெருகுகிறது.

இவ்வகை மீன்களை அறிவியல் நூல்களில் 'செம்பூதம்' என்றும், 'சிவப்பு அரக்கன்' என்றும் தமிழாக்கம் செய்கின்றனர். மொழிபெயர்ப்பே நம் தொழிலாதலால், இச்சொற்களைப் பற்றிச் சிறிது கூறல் வேண்டும். பூதம், அரக்கன் என்றவுடன் திரண்ட தோளும் கனத்த உடலும் நம் மனக்கண்முன் வருகின்றன. ரோகிணியோ அவ்வாறு கனத்ததன்று. அதிலுள்ள பொருளின் மொத்த நிறை கதிரவனுடையதைவிடச் சிறிதளவே கூடுதல். அச்சிறிய நிறை, 45 மடங்கு அகன்ற உருவத்தில் பரவிக் கிடக்கிறது. சராசரியாகப் பார்த்தால் நாம் சுவாசிக்கும் காற்றின் அடர்த்தியில் ஐம்பதில் ஒரு பங்குகூட அதற்கு இல்லை. அச்சம் தரும் பெயரைப் பெற்ற பொருள், அணுகிப் பார்த்தால் காற்றினும் மெல்லியதாய் இருக்கிறது. நாம் அஞ்சியதும் அத்தகையதே என்பதை இங்கே கூறாமல் இருக்க இயலவில்லை.

இனி, இது இவ்வாறு ஊதிப் பெருத்தது எங்ஙனம்? ரோகிணி பிறக்கும்போதே இவ்வளவு பெரியதன்று. ஒரு காலத்தில் ஏறத்தாழ நம் கதிரவனைப் போலவே இருந்தது. கதிரவன் போன்ற மீன்களின் நடுவில் ஹைட்ரஜன் அணுக்கள் இணைந்து ஹீலியமாகின்றன. அதனால் வெப்பமும் ஒளியும் பிறக்கின்றன. கதிரவன் விநாடிதோறும் சுமார் 60 கோடி டன் ஹைட்ரஜனை இவ்வாறு மாற்றுகிறது. வற்றாத செல்வம் எதுவும் இல்லை. கோடிக்கணக்கான ஆண்டுகள் எரிந்த பின், நடுவில் இருந்த ஹைட்ரஜன் தீர்ந்து ஹீலியமே எஞ்சுகிறது.

விறகடுப்பின் நடுவே சாம்பல் குவிந்துவிட, அதனைச் சுற்றியுள்ள விறகில் தீ வளையமாய்ப் பற்றி எரிவதைக் கண்டிருப்போம். அவ்வாறே ஹீலியச் சாம்பலைச் சுற்றியுள்ள ஹைட்ரஜன் எரியத் தொடங்குகிறது. இடையிலுள்ள சாம்பல் தன் பாரத்தாலேயே அமுங்கிச் சுருங்கி மேலும் சூடேறுகிறது; சூடேற ஏறச் சுற்றிலும் உள்ள தீ முன்னிலும் கடுமையாகிறது. உள்ளே சுருங்க, வெளியே உள்ள வளிப்போர்வை பால் பொங்குவதுபோல் பொங்கி விரிகிறது. விரிந்ததனால் மேற்பரப்புக் குளிர்ந்து சிவக்கிறது. ரோகிணி இந்த நிலையில்தான் இருக்கிறது. அதன் வயது 600 கோடி ஆண்டுகளுக்கும் மேல் என மதிப்பிட்டுள்ளனர். ஆகவே, திங்களின் இளங்காதலி என்று நாம் கதை கட்டிய ரோகிணி, உண்மையில் திங்களைவிட மூத்தது; கதிரவனையும் விட மூத்தது.

இத்தகைய முதிய மீன்களின் இயல்பை உலகிற்கு உணர்த்தியவருள் ஒருவர் நம் நாட்டவர் என்பது மகிழத்தக்க செய்தி. சென்னையில் 1927ஆம் ஆண்டு பிறந்த வைணு பாப்பு அவர்களே அவர். விண்மீனின் ஒளியை முப்பட்டகத்தால் பிரித்து வானவில் போல் விரித்தால், அதன் இடையிடையே கருங்கோடுகள் காணப்படும். ஒவ்வொரு கோடும் ஒரு தனிமத்தின் கையொப்பம். 1864ஆம் ஆண்டிலேயே வில்லியம் ஹக்கின்சு என்பார் ரோகிணியின் ஒளியை இவ்வாறு விரித்து, சோடியம், மக்னீசியம், கால்சியம், இரும்பு முதலியன அங்கே இருப்பதைக் காட்டினார். நாம் வெற்றிலையில் தடவும் சுண்ணாம்பில் உள்ள அதே கால்சியந்தான் ரோகிணியிலும் உள்ளது.

செம்பூத மீன்களில், ஊதா நிறப் பகுதியில் தோன்றும் கால்சியத்தின் அகன்ற கருங்கோட்டின் நடுவே மெல்லிய ஒளிக்கீற்று ஒன்று தென்படும். அமெரிக்க அறிஞரான ஓலின் வில்சனும் பாப்புவும் நூற்றுக்கு மேற்பட்ட மீன்களை ஆராய்ந்து, 1957ஆம் ஆண்டில் ஓர் உண்மையை வெளியிட்டனர்: அக்கீற்று எவ்வளவு அகலமோ, அம்மீனின் உண்மையான ஒளியாற்றல் அவ்வளவு மிகுதி. இதன் பயன் பெரிது. இரவில் திருமலைப் பாதையில் தெரியும் ஒரு விளக்கு எத்தனை ஆற்றல் உடையது என்பது தெரிந்துவிட்டால், அது கண்ணுக்கு எவ்வளவு மங்கித் தெரிகிறது என்பதைக் கொண்டே அதன் தொலைவைக் கணிக்கலாம் அல்லவா? அவ்வாறே, ஒளிக்கீற்றின் அகலத்தை அளந்து, விண்மீனின் தொலைவை அறிய வழி பிறந்தது. 'வில்சன்–பாப்பு விளைவு' என இது உலகெங்கும் வழங்குகிறது.

பாப்பு அவர்கள் பின்னர்ச் சித்தூருக்குத் தெற்கே, தமிழ்நாட்டின் சவ்வாது மலையில், ஆலங்காயத்தை அடுத்த காவலூரில் வானாய்வு நிலையம் ஒன்றை அமைத்தார். 1968இல் சிறியதொரு தொலைநோக்கியுடன் அது பணி தொடங்கியது. 2.34 மீட்டர் குறுக்களவுள்ள கண்ணாடியைக் கொண்ட பெருந்தொலைநோக்கியை அங்கே நிறுவ அவர் முனைந்தார். ஆனால் அது நிறைவேறுவதைக் காணாமல் 1982இல் மறைந்தார். 1986இல் அத்தொலைநோக்கிக்கும் நிலையத்திற்கும் அவர் பெயரே சூட்டப்பெற்றது. நாம் எண்ணெய்க் கிண்ணத்தில் முகம் பார்த்துக்கொண்டிருந்த ஊருக்குச் சில மணி நேரப் பயணத் தொலைவில், அறிஞர்கள் கண்ணாடியில் விண்மீன்களின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தனர். நாம் அதனை அறியாமல் இருந்தோம்.

ரோகிணிக்கு இனி என்ன நேரும்? நடுவே குவிந்த ஹீலியம் போதிய சூடு பெற்றதும் தானும் எரிந்து கார்பனாக மாறும். அதுவும் தீர்ந்த பின், வெளிப்போர்வை விண்வெளியில் கலைந்து போக, பூமியின் அளவேயுள்ள சிறு வெண்மீன் ஒன்று எஞ்சி மெல்ல மெல்லக் குளிரும். நம் கதிரவனுக்கும் இதே வழிதான். அதன் வயது இன்று சுமார் 460 கோடி ஆண்டு. இன்னும் ஏறத்தாழ 500 கோடி ஆண்டுகள் கழித்து அதுவும் ரோகிணியைப் போல் சிவந்து பெருகும். புதனும் வெள்ளியும் அதற்குள் மறையும். பூமி தப்புமா என்பது ஆராய்ச்சியாளரிடையே இன்றும் வழக்கில் உள்ள கேள்வி. ஆகவே, நம் குடும்பத்து மூத்தோரின் முகத்தில் நம் வருங்கால முகத்தைக் காண்பதுபோல், ரோகிணியில் கதிரவனின் முதுமையைக் காண்கிறோம். அது தீமை குறிக்கும் மீன் அன்று. நமக்கு முன்னே அவ்வழியில் நடந்து செல்லும் மூத்த மீன்.

சென்ற கார்த்திகையில் மீண்டும் சித்தூர் சென்றிருந்தபோது, நீவா நதிப் பக்கத்திலிருந்து வந்த குளிர்காற்றில், அதே மாடியில் நின்று மருமகனுக்கு ரோகிணியைக் காட்டினோம். ஒரு கணக்கையும் சொன்னோம். அவன் பிறந்த இரவில் நம் வீட்டுக் கூரையின் மேல் விழுந்த ரோகிணியின் ஒளி, நாடு விடுதலை பெறுவதற்கு முன்னரே அங்கிருந்து புறப்பட்டது. அவன் பிறக்கப்போவதையோ, அவனுக்கு ஒரு மாமன் இருப்பதையோ அவ்வொளி அறியாது. அவன் பிறந்த இரவில் புறப்பட்ட ஒளியோ இன்னும் வழியில் இருக்கிறது. அவன் அறுபத்தைந்து வயது முதியவனாகும்போதுதான் அது சித்தூருக்கு வந்து சேரும்.

"அப்போது நீங்களும் பார்ப்பீர்களா மாமா?" என்று கேட்டான்.

"நாம் இருக்கமாட்டோம்; எமக்காகவும் சேர்த்து நீ பார்" என்றோம். மாடிப்படியருகே நின்றுகொண்டிருந்த தமக்கையார், "எது தம்பி? எனக்கும் காட்டு" என்று அருகில் வந்தார். மூவருமாக நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தோம்.

நேயர்களே, அடுத்த கார்த்திகை வரை காத்திருக்க வேண்டுவதில்லை. மார்கழி, தை, மாசி மாதங்களிலும் மாலைப்பொழுதில் ரோகிணி உயரத்தில் நின்று ஒளிரும். மிருகசீரிடத்தை அடுத்து வரிசையாய்த் தெரியும் மூன்று மீன்களைக் கண்டு, அவ்வரிசையை வடமேற்காக நீட்டிச் சென்றால், வழியில் எதிர்ப்படும் சிவந்த மீன் அதுவே. கருவி ஏதும் வேண்டா, கண் போதும். தங்கள் இல்லத்தில் ரோகிணியில் பிறந்த குழந்தை இருந்தால், அதனைத் தோளில் தூக்கிக்கொண்டு தாய்மாமனே சென்று அந்த மீனைக் காட்டுவாராக.